ஹம்தியின் வாய்க்கு ஒரு குரல்

ஜாவிதானின் படங்களைப் பற்றி துருக்கியின் கருங்கடல் கரையில் இருக்கிற எங்கள் திரெபோலுவில் ஒரு பேச்சு உண்டு. படம் ஓடுகிறதா, மிஷின் நின்றுவிட்டதா என்று சந்தேகம் வந்தால் திரையில் எங்காவது கடற்காகம் பறக்கிறதா என்று பார்க்கவேண்டும். பறந்தால் படம், பறக்காவிட்டால் மிஷின் கோளாறு. இதை முதலில் சொன்னது டீக்கடை ரெம்ஸி. அவன் சொன்னதில் பாதி பொய் என்று ஊருக்கே தெரியும். ஆனால் இது மீதிப் பாதியில் வருவது.

ஹம்திக்கும் மக்புலேக்கும் ஒரே பெண் ஜாவிதான். ஹம்தி படகு இன்ஜின் மெக்கானிக். நாள் முழுக்க இன்ஜின் சத்தத்தில் வேலை செய்து காது பாதி போய், அதனாலேயே குரல் இரண்டு மடங்கு ஆகிவிட்ட மனிதர். அவர் துறைமுகத்தில் ‘ஸ்பேனர் எடு’ என்றால் மேட்டுத் தெருவில் யாராவது ஸ்பேனர் தேடுவார்கள். அந்த வீட்டில் பிறந்த பெண் சத்தமே இல்லாத படங்களை எடுக்கப் போனது ஏன் என்று டீக்கடையில் பலமுறை அலசியிருக்கிறோம். அப்பா பேசித் தீர்த்துவிட்டார், அவளுக்கு மிச்சமில்லை என்பது ரெம்ஸியின் தீர்ப்பு.

இஸ்தான்புல்லில் சினிமா படித்து, அங்கேயே ஒரு கல்லூரியில் சொல்லிக்கொடுத்து, ஒரு கேமராக்காரரைக் கட்டி, சண்டை சச்சரவில்லாமல் பிரிந்து, நாற்பதைத் தாண்டியபின் ஊருக்குத் திரும்பினாள். போனவர்கள் திரும்பினால் இங்கே ஒரு மாதம் துக்கம் விசாரிப்பார்கள். அவளோ விசாரிக்க வந்தவர்களையே விசாரித்தாள். கையில் டீ கிளாஸைக் கொடுத்துவிட்டு, “கண்ணை மூடிக்கிட்டுச் சொல்லுங்க, உங்க வீட்டு வாசக்கதவு எந்தப் பக்கமாத் திறக்கும்?” என்று கேட்பாள். பிறந்ததிலிருந்து அந்தக் கதவைத் திறந்து மூடுகிறவர்கள்கூடத் தடுமாறினார்கள். முடிதிருத்தும் ஃபெஹ்மி இடப்பக்கம் என்றான், அவன் பெண்டாட்டி வலப்பக்கம் என்றாள், இருவரும் சண்டையோடு எழுந்து வீட்டுக்குப் போய்ப் பார்த்தார்கள். வெளிப்பக்கமாகத் திறந்தது.

இதுதான் அவளுடைய தொழில், வியாதி, எல்லாம். மனிதன் ஓர் இடத்தை வைத்திருக்கிறானா, இடம் அவனை வைத்திருக்கிறதா என்று அவளுக்குத் தெரிந்தாகவேண்டும். துறைமுகத்தில் படகுகளைக் கயிறு போட்டுக் கட்டும் இரும்புக் கட்டை ஒன்றைக் குளிர்காலம் முழுவதும் படமெடுத்தாள். அதற்கு இஸ்தான்புல்லில் பரிசு கொடுத்தார்கள். எங்கள் ஊர்க் கல்யாண மண்டபத்தில் அதைப் போட்டபோது முதல் பத்து நிமிஷத்தில் பாதிப்பேர் டீ குடிக்கப் போனார்கள். மீதிப்பேர் அந்தக் கட்டை யாருடைய தாத்தா நட்டது என்று உரக்கச் சண்டை போட்டார்கள். கடைசி வரிசையில் நின்ற ஜாவிதானுக்கு அதில் ஒரே சந்தோஷம். படத்தை யாரும் பார்க்கவில்லை, ஆனால் அந்தச் சண்டையைவிட நல்ல சத்தம் அந்தப் படத்துக்குக் கிடைத்திருக்காது என்று நினைத்தாள்.

அங்கிருந்துதான் அடுத்த படத்துக்கான யோசனை பிறந்தது. ஊரைச் சத்தமில்லாமல் எடுப்பது. பிறகு எடுக்கப்பட்டவர்களையே கூட்டிவந்து திரைக்கு முன்னால் உட்காரவைத்து, அவரவர் வாய்க்கு அவரவரே பேச்சுப் போடுவது. “நான் பார்த்ததை நான் எடுத்துட்டேன். நீங்க பேசினது உங்களுக்குத்தானே தெரியும், நீங்க போடுங்க” என்றாள். பழைய தொலைக்காட்சி நிலையத்து ஃபிலிம் கேமரா ஒன்று வைத்திருந்தாள். ஓடும்போது தையல் மிஷின் மாதிரிக் கடகடக்கும். எடுத்த ஃபிலிமை இஸ்தான்புல்லுக்கு அனுப்பி, அங்கிருந்து வேறெங்கோ போய்க் கழுவிவர மாதக்கணக்காகும்.

ஹம்தியை எடுத்தது ஒரு வசந்தகாலக் காலையில். அவரை அலைதடுப்புக் கற்கள் மேல் நிற்கச் சொல்லிவிட்டு இவள் தூரத்தில் கோட்டைச் சுவர்மேல் ஏறிக்கொண்டாள். சும்மா நின்றால் போதும் என்றுதான் சொல்லியிருந்தாள். அவர் நடந்து வந்தார், நின்றார், தொப்பியைக் கழற்றினார், பேச ஆரம்பித்தார். ரீல் முடியும்வரை பேசினார். நடுநடுவே கையை மேட்டுத்தெருப் பக்கம் நீட்டினார். காற்றும் கேமராச் சத்தமும் சேர்ந்ததில், ஊருக்கே கேட்கும் அந்தக் குரல் அன்றைக்கு மகளுக்குக் கேட்கவில்லை.

அன்று சாப்பிடும்போது கேட்டாள். “அப்பா, என்ன அவ்வளவு நேரம் பேசினீங்க?”

“படத்துல வருமில்ல, கேட்டுக்கோ” என்றார் ஹம்தி, நெத்திலியின் முள்ளை எடுத்தபடி.

படத்தில் சத்தம் வராது என்று அவருக்குப் பலமுறை சொல்லியாகிவிட்டது. திரும்ப விளக்க அலுப்பாக இருந்தது. இன்னொரு நாள் சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டாள். குளிர்காலத்தில் ஹம்திக்கு இதயம் மக்கர் செய்தது. கிரேசுன் ஆஸ்பத்திரியில் சில நாள் கிடந்தார், போய்விட்டார். ஃபிலிம் கழுவி வந்தது அதற்குப் பிறகு. வீட்டுச் சுவரில் அதை ஓட்டிப் பார்த்த அன்று ஜாவிதான் அழுததைவிடக் குழம்பியதுதான் அதிகம். அப்பா நேராக அவளைப் பார்த்து, மிக நிதானமாக, என்னவோ முக்கியமானதைச் சொல்லிக்கொண்டிருந்தார்.

என்ன சொன்னார்? இந்தக் கேள்வி அவளைப் பிடித்து ஆட்டத் தொடங்கியது.

முதலில் தையல்காரி ஸெபாஹத்தைக் கூட்டிவந்தாள். ஸெபாஹத்துக்குப் பிறவியிலேயே காது கேட்காது. எதிரில் இருப்பவர் உதட்டைப் பார்த்தே பேச்சைப் பிடிப்பாள். ஊர் ரகசியத்தில் பாதி அவள் பார்த்துத் தெரிந்துகொண்டதுதான். மூன்று தடவை போட்டுப் பார்த்தாள். பிறகு தன் மேலுதட்டுக்கு மேல் இரண்டு கையாலும் ஒரு பெரிய மீசையை வரைந்து காட்டிவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டாள். துணைக்கு வந்த மருமகள் மொழிபெயர்த்தாள்.

“வாய் எங்கேன்னு கேக்கறாங்க. கருங்கடல் ஆம்பளைங்க வாயை வீட்லயே வச்சுட்டு மீசையை மட்டும்தான் எடுத்துட்டு வர்றாங்களாம்.”

போகிற போக்கில் ஸெபாஹத் தன் கழுத்தைத் தொட்டு இன்னொன்றும் சொன்னாள். கோபமாகப் பேசுகிறவன் கழுத்து இப்படி இருக்காது என்று. அது ஜாவிதானின் ஆர்வத்துக்கு எண்ணெய் ஊற்றியது, அவ்வளவே.

டீக்கடையில் கேட்டால் ஆளுக்கொன்று சொன்னார்கள். புது இன்ஜின் விலையைத் திட்டுகிறார் என்றார் ஒரு மீனவர். நகரசபைத் தலைவரைத் திட்டுகிறார் என்றார் நகரசபையில் வேலை செய்பவர், மிகுந்த திருப்தியோடு. ரெம்ஸி மட்டும், “அவர் சொந்த மகளைத் திட்டறார். ‘ஏம்மா, கடைசியில என்னையும் அந்த இரும்புக் கட்டை மாதிரி ஆக்கிட்டியே’ங்கறார்” என்றான். ஜாவிதான் சிரித்தாள். பிறகு நாள் முழுக்க அது உண்மையாக இருக்குமோ என்று வருந்தினாள்.

இதற்கிடையில் மற்றவர்களுக்குக் குரல் போடும் வேலை தொடங்கியிருந்தது. கல்யாண மண்டபத்தின் பின்னறையில் சுவரெல்லாம் போர்வை தொங்கவிட்டு மைக் வைத்திருந்தாள். கடல் சத்தத்துக்கு, எங்கள் மலைச்சரிவுத் தோட்டங்களில் விளையும் ஹேஸல் கொட்டைகளைத் தட்டில் உருட்டினார்கள். அதில் ரெம்ஸி பெரிய ஆளாகிவிட்டான்; அவன் உருட்டினால் நிஜக் கடலே கொஞ்சம் மட்டம்தான். சிக்கல் பேச்சில்தான் வந்தது.

முதல் ஆள் ஃபெஹ்மி. திரையில் அவன் ஒரு கிழவருக்கு முகம் மழித்துக்கொண்டே வாய் ஓயாமல் பேசுகிறான். எங்கள் ஃபெஹ்மி பேசினால் வார்த்தைகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி ஓடும், பாதி வார்த்தையை விழுங்கிவிடுவான். மைக் முன்னால் உட்கார்ந்ததும் நிமிர்ந்தான், தொண்டையைச் செருமினான், குரலை அடிவயிற்றிலிருந்து எடுத்தான்.

“பெருமதிப்பிற்குரிய ஐயா! தங்கள் வதனத்தில் என் கத்தி படுவது என் பாக்கியம் அல்லவா?”

ஜாவிதான் நிறுத்தினாள். “ஃபெஹ்மி அண்ணே, கடையில இப்படியா பேசுவீங்க?”

“கடையில இல்லம்மா. இது சினிமா ஆச்சே.”

அடுத்து மீன் விற்கும் அக்கா வந்தாள். ‘நெத்திலி, நெத்திலி’ என்று அவள் கூவினால் பூனைகள் மிரளும். அவள் மைக்கின் முன் கண்ணைத் தாழ்த்தி, நடுங்கும் மெல்லிய குரலில், “இந்த எளியவளின் மீனை ஏற்க மாட்டீர்களா?” என்றாள். அதற்கு அப்புறம் வந்த எல்லோரும் அப்படித்தான். யாரும் சொல்லித்தரவில்லை. கோடைக்காலத் திறந்தவெளி சினிமாவில் வளர்ந்த தலைமுறை. அந்தக் காலத்தில் நடிப்பவர் ஒருவர், குரல் கொடுப்பவர் வேறொருவர். இஸ்தான்புல்லில் ஏதோ ஓர் அறையில் உட்கார்ந்த நாலைந்து பேர்தான் நாட்டின் எல்லா மீனவனுக்கும் எல்லா ஏழைப்பெண்ணுக்கும் பேசினார்கள். வாய் அசைவதற்கும் பேச்சுக்கும் பொருத்தம் இருக்காது, யாரும் கவலைப்பட்டதுமில்லை. படத்தில் வந்தால் அப்படித்தான் பேசவேண்டும் என்பது எங்கள் ரத்தத்தில் ஊறிவிட்டது.

ஒரு வாரம் ஜாவிதான் எரிச்சலில் இருந்தாள். இந்த மண்ணின் குரலைத் தேடிப் போனால் மண்ணே மாறுவேஷம் போட்டு வருகிறதே என்று அம்மாவிடம் பொருமினாள். பிறகு பதிவுகளைத் திரும்பத் திரும்பக் கேட்டதில் எரிச்சல் போய் வியப்பு வந்தது. இவர்கள் காதலையும் கண்ணியத்தையும் கற்றதே அந்தக் குரல்களிலிருந்துதான். ஃபெஹ்மி பெண்டாட்டியிடம் முதல்முதலாகப் பேசியதுகூட அந்தக் குரலில்தானாம், அவளே சிரித்துக்கொண்டு சொன்னாள். அப்படியானால் அது கடன் வாங்கிய குரல் என்று யார் சொல்வது? எல்லாவற்றையும் அப்படியே வைத்துக்கொண்டாள்.

ஆனால் அப்பாவின் வாய்க்கு அது ஆகாது. ஹம்தி செத்தாலும் அப்படிப் பேசமாட்டார். செத்துமிருந்தார்.

‘நான் போடுகிறேன்’ என்றான் ஃபெஹ்மி. ரெம்ஸியும் முயன்றான். ஒவ்வொரு பதிவையும் ஜாவிதான் அம்மாவுக்குப் போட்டுக் காட்டினாள். மக்புலே கருங்கீரை நறுக்கிக்கொண்டே கேட்டாள், கத்தியை நிறுத்தவேயில்லை.

“உங்கப்பா மாதிரி கத்தறாங்க. உங்கப்பா மாதிரி பேசலை.”

“அப்போ சத்தமில்லாமலே விட்டுடட்டுமா?”

“உன் இஷ்டம். அவர் வாயில என்னத்தை வேணா போடு. ஒரே ஒருத்தன் குரலை மட்டும் போட்டே, நான் செத்தாலும் என் முகத்துல முழிக்காதே.”

அந்த ஒருத்தன் யார் என்று சொல்லவேண்டியதில்லை. ஹம்தியின் அண்ணன் நியாஸி. மேட்டுத்தெருவில் எதிரெதிர் வீடு. ஒரே அச்சில் வார்த்த குரல் இருவருக்கும். டெலிஃபோனில் நியாஸி பேசினால் மக்புலே புருஷன் என்று நினைத்து, ‘ரொட்டி வாங்கிட்டு வரலைன்னா வீட்டுக்கே வராதே’ என்று திட்டிவிட்டு வைத்துவிடுவாள். அவரும் பதில் பேசாமல் ரொட்டி வாங்கித் தம்பி வீட்டில் வைத்துவிட்டுப் போவார். அது ஒரு காலம்.

பிறகு வந்தது அந்தப் பகடை ஆட்டம். ரெம்ஸியின் அப்பா கடை நடத்திய நாளில், ஊரே சுற்றி நிற்க அண்ணனும் தம்பியும் ஆடினார்கள். அண்ணன் தோற்றார். ஜெயித்தவர் பெட்டி மாதிரி மடியும் ஆட்டப் பலகையை மூடித் தோற்றவர் கக்கத்தில் செருகி, ‘போய்க் கத்துக்கிட்டு வா’ என்பது எங்கள் டீக்கடை வேடிக்கை. சிநேகிதனுக்குச் செய்தால் சிரிப்பு. கூடப்பிறந்த மூத்தவனுக்குச் செய்யக்கூடாது. ஹம்தி செய்தார். நியாஸி கக்கத்தில் பலகையோடு மேட்டுத்தெரு ஏறினார். அன்றிலிருந்து பேச்சு நின்றது. பள்ளிக்கூடப் பிள்ளைகள் ‘கா’ விட்டால் மறுநாள் பழம் விடுவார்கள். இவர்கள் இருபது வருஷத்துக்குக் கொஞ்சம் குறைய விடவில்லை. நோன்புப் பெருநாள்கள் வந்து போயின, எதிரெதிர் கதவுகள் மாற்றி மாற்றித் திறந்து மூடின. அதுவரை மக்புலே இதைக் கிறுக்கு என்றுதான் நினைத்தாள். வெறுக்கவில்லை.

வெறுப்பு வந்தது, ஹம்தியை அடக்கம் செய்யுமுன் நடந்த ஜனாஸா தொழுகையன்று. பள்ளிவாசல் முற்றத்தில் பெட்டி வைத்திருக்க, இமாம் திரும்பி, இறந்தவரை மனதார மன்னித்து அனுப்பச் சொல்லும் வழக்கமான கேள்வியைக் கேட்டார்: “இவர் உங்களுக்குச் செய்த குறைகளை ஹலால் செய்கிறீர்களா?” முற்றமே சொன்னது, ஹலாலாகட்டும் என்று. கேட்டது மூன்று தடவை, சொன்னது மூன்று தடவை. கடைசி வரிசையில் நின்ற நியாஸியின் வாய் திறக்கவில்லை. ஊர் கண் அவர்மேலேயே இருந்தது. பெண்கள் நின்ற பக்கத்திலிருந்து மக்புலேயும் பார்த்தாள். அதற்குப்பின் அந்த எதிர்வீட்டுப் பக்கம் அவள் ஜன்னல் திரை விலகவேயில்லை.

இத்தனையும் தெரிந்த ஜாவிதான் என்ன செய்தாள் தெரியுமா? அம்மா நெருப்பாக இருக்கிறாளே, வேண்டாம் என்று விட்டாளா? பூனைக்கு ஆர்வம் வந்தால் அடுப்புச் சூடு தெரியாது. அம்மா சந்தைக்குப் போன நேரம் பார்த்துத் தெருவைத் தாண்டிப்போய்க் கதவைத் தட்டினாள்.

கதவைத் திறந்த நியாஸி அவளைப் பார்த்து, “உள்ளே வா. செருப்பை வெளியே விடாதே, உங்கம்மா பார்ப்பா” என்றார். அப்பாவின் குரல். ஜாவிதான் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டாள்.

“பெரியப்பா, அப்பா படத்துக்கு நீங்க பேசணும்.”

“என்ன பேசணும்?”

“தெரியாது. அவர் என்ன சொன்னார்னு யாருக்கும் தெரியாது.”

நியாஸி வெகுநேரம் டீயைக் கலக்கினார். சர்க்கரை போடவேயில்லை. “அவன் என்னைப் பத்தி ஏதாவது சொல்லியிருப்பானா?” என்று கேட்டார். அவள், தெரியாது என்றாள். மேட்டுத்தெருப் பக்கம் கை காட்டுகிறார், அவ்வளவுதான் தெரியும் என்றாள். கிழவர் மறுபேச்சில்லாமல் கோட்டை மாட்டிக்கொண்டார்.

பின்னறையில் விளக்கை அணைத்துப் படத்தைப் போட்டாள். ஹம்தி கற்கள் மேல் நடந்து வந்தார்.

“இவ்வளவு மெலிஞ்சுட்டானா?” என்றார் நியாஸி. எதிர்வீட்டில் இருந்தும் இத்தனை வருஷம் தம்பியை நேராகப் பார்க்காதவர்.

ஹம்தி தொப்பியைக் கழற்றினார், பேசத் தொடங்கினார். நியாஸி மைக்கைப் பிடித்துக்கொண்டு பார்த்தார். சினிமாக் குரலும் வரவில்லை, எந்தக் குரலும் வரவில்லை. ஜாவிதான் காத்திருந்தாள். ரீல் பாதி ஓடியபின் பேசினார், மெதுவாக. தம்பிக்காகப் பேசவில்லை. தம்பியோடு பேசினார்.

“சொல்லு, கேக்கறேன்” என்றார். திரையில் ஹம்தி கையை நீட்டினார். “நான் வந்தேன். வாசல் வரைக்கும் எத்தனையோ தடவை வந்தேன். கதவைத் தட்டக் கை வரலை. நீயும் திறக்கலை. என்ன பெரிய விஷயம்னு இப்போ நெனச்சா ஒண்ணுமில்லை. வீம்பு, வேறென்ன.” மைக்கை இன்னும் கிட்டே இழுத்தார். “எனக்குச் சொல்லத் தெரியாது, உனக்குத் தெரியும். குறை இருந்தா ஹலால் பண்ணிடு.”

ரீல் முடிந்து திரை வெள்ளையானது. அவர் வெள்ளைத் திரையைப் பார்த்தபடி தொடர்ந்தார். முற்றத்தில் நின்ற நாளைப் பற்றி, இமாம் கேட்டபோது சொல்லாமல் விட்ட அந்த ஒரு வார்த்தையைப் பற்றி. ‘நான் அவனுக்கு ஹலால் பண்றதுக்கு யாரு, நான்தானே கேக்கணும்’ என்று தோன்றிவிட்டதாம், அதனால்தான் வாய் திறக்கவில்லையாம். அதைப் படத்தில் போடக்கூடாது என்று ஜாவிதானுக்கே தெரிந்தது. மைக்கை அணைத்தாள். அந்தப் பெரிய உடம்பைக் கட்டிக்கொண்டு அழுதாள்.

“ரீல் ஓடும்போது பேசினதை மட்டும் படத்துல சேர்க்கட்டுமா, பெரியப்பா?”

“சேர்த்துக்கோ. யார் கேக்கப்போறா? உன் படத்துக்குப் பாதியிலேயே எழுந்து போயிடுவாங்க.”

எத்தனையோ முறை கேட்டு, நறுக்கி, ஒட்டியதில் அவளுக்கு அது அண்ணன் தம்பிக்குச் சொல்லும் பதிலாகவே மனதில் பதிந்துவிட்டது. இரண்டு குரலும் ஒன்று என்பதால்தான் தேடிப்போனாள். வேலை மும்முரத்தில் அதையே மறந்தாள். அவளுடைய கவலை அம்மா ஒன்றுதான். இன்று சொல்லலாம், நாளை சொல்லலாம் என்று தள்ளினாள். கீரை நறுக்கும் கத்தியைப் பார்த்தால் நாக்கு ஒட்டிக்கொண்டது. படம் போடும் நாளும் வந்துவிட்டது.

ஆகஸ்ட் மாதம், கொட்டை அறுவடை முடிந்து எல்லோரும் கையில் பிசினோடு கீழே இறங்கியிருந்த வாரம். பொழுது சாய்ந்ததும் கடலோரத் திடலில் வெள்ளைத் துணி கட்டினார்கள், பிளாஸ்டிக் நாற்காலி போட்டார்கள், சூரியகாந்தி விதைகள் பை பையாகத் திறந்தன. தங்கள் குரலைக் கேட்க ஊரே வந்திருந்தது. மக்புலே முன்வரிசை. நியாஸி டீக்கடைப் பக்கம் கடைசி நாற்காலி. ஜாவிதான் மிஷினுக்குப் பக்கத்தில் நின்று நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

ஃபெஹ்மி ‘வதனம்’ என்றதும் சிரிப்பில் திடல் அதிர்ந்தது. அவன் எழுந்து நின்று சலாம் வைத்தான். மீன் அக்கா தன் குரலைக் கேட்டுத் தானே கண்ணைத் துடைத்துக்கொண்டாள். ஒருவரும் டீ குடிக்கப் போகவில்லை. ரெம்ஸிக்கு அதில் வருத்தம். பிறகு அலைதடுப்பு வந்தது. ஹம்தி நடந்து வந்தார். விதை கொறிக்கும் சத்தம் நின்றது. தட்டில் உருண்ட கொட்டைகளின் கடல் மட்டும் கேட்டது. பெரிய மீசைக்குள்ளே என்னவோ சொல்லிக்கொண்டிருந்தார், கையை நீட்டினார். அப்போது குரல் வந்தது.

ஊர் மூச்சடைத்துப்போனது. ஹம்தியின் குரல். மீசைக்குள் வாய் திறந்திருக்கிறதா மூடியிருக்கிறதா என்று யாருக்குத் தெரியும்? வாயும் பேச்சும் பொருந்தவேண்டும் என்று எங்களை யார் பழக்கினார்கள்? வாசல் வரைக்கும் வந்தேன் என்றார், வீம்பு என்றார். குறை இருந்தால் ஹலால் பண்ணிடு என்றார்.

முன்வரிசையில் ஒரு கிழவர், அவருக்கே தெரியாமல், “ஹலாலாகட்டும்” என்றார். அடுத்த கணம் திடல் முழுக்கச் சொன்னது. பள்ளிவாசல் முற்றத்தில் சொன்ன அதே வாய்கள், அதே ஒரே குரல். யாரும் யோசிக்கவில்லை. கேட்டால் சொல்லவேண்டியதைச் சொன்னார்கள். அண்ணன் தம்பியிடம் கேட்டதைத் தம்பியே ஊரிடம் கேட்டதாக ஆக்கிவிட்டோம் என்று ஜாவிதானுக்கு அப்போதுதான் விளங்கியது. அம்மாவைப் பார்த்தாள். மக்புலே மட்டும் வாய் திறக்கவில்லை. எழுந்தாள்.

வீட்டுக்குத்தான் போகிறாள், இனி என் முகத்தில் முழிக்கமாட்டாள் என்று நினைத்தாள் ஜாவிதான். திரையில் அடுத்த காட்சி ஓடத் தொடங்கிவிட்டது, யாரோ படகுக்குச் சாயம் பூசினார்கள். மக்புலே நாற்காலிகளுக்கு நடுவே நடந்து கடைசி வரிசைக்கு வந்தாள். ஜாவிதான் மிஷினை விட்டுவிட்டு ஓடினாள்.

“அண்ணே” என்றாள் மக்புலே.

நியாஸி எழப் பார்த்தார், முட்டி ஒத்துழைக்கவில்லை.

“அது உங்க குரல்.”

“ஆமா.”

“டெலிஃபோன்ல ஏமாந்தேன், இங்கே ஏமாறலை. என் புருஷன் கேக்கவேண்டிய ஹலாலை ஆஸ்பத்திரியிலயே என்கிட்ட கேட்டுட்டார். ஒரு பேச்சை ரெண்டு தடவை பேசற ஆள் இல்லை அவர்.”

“தெரியும். நான் அவன்கிட்டதான் கேட்டேன்” என்றார் நியாஸி. “இவங்கல்லாம் தப்பா நெனச்சுட்டாங்க. இவங்க ஹலால் சொன்னது அவனுக்கு, எனக்கில்லை.”

“ஆமா. உங்களுக்கில்லை.”

மக்புலே தலைத்துணியை இழுத்துக் கட்டினாள். கோபம் தீரவில்லை என்பது அவள் நின்ற விதத்திலேயே தெரிந்தது. தீர்வதற்காக அவள் காத்திருக்கவுமில்லை.

“உங்களுக்கு அவர்தான் சொல்லணும். அவர் இல்லை. அவர் இடத்துல நான்தான் இருக்கேன்” என்றாள். “ஹலாலாகட்டும்.”

நியாஸி தொப்பியை முகத்தில் அமுக்கிக்கொண்டு வாய்விட்டு அழுதார். படத்தில் குரல் வந்தபோது அசையாமல் இருந்த மக்புலே, அதைக் கேட்டதும் பக்கத்து நாற்காலியைத் தடவிப் பிடித்து உட்கார்ந்தாள். கல்யாணமான நாளிலிருந்து ஒருநாளும் கேட்டிராத தன் புருஷனின் அழுகையை அவள் அன்றைக்குத்தான் கேட்டாள்.